அஜிடேஷனை எப்படி அளக்கிறார்கள்? தலைக்காயம், டிமென்ஷியா நோயாளிகளின் குடும்பத்தார் கேட்கும் கேள்விகள்

தலையில் அடிபட்டு வந்தவர்களும் டிமென்ஷியா உள்ள பெரியவர்களும் தங்கும் ஒரு மறுவாழ்வு வார்டில் நர்ஸாக இருக்கிறேன். நோயாளியின் கட்டில் பக்கத்தில் தொங்கும் அந்த மார்க் தாளைப் பார்த்துவிட்டு வீட்டுக்காரர்கள் கேட்கும் கேள்விகள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான் இருக்கும். அவற்றையும், கேட்காவிட்டாலும் தெரிந்திருக்க வேண்டிய சிலவற்றையும் இங்கே எழுதியிருக்கிறேன்.

அஜிடேஷன் என்று கேஸ் ஷீட்டில் எழுதியிருக்கிறார்கள். கோபமாக இருக்கிறார் என்று அர்த்தமா?

கோபம் அதில் ஒரு பகுதிதான். படுக்கையில் நிலைகொள்ளாமல் புரள்வது, மூக்குக் குழாயைப் பிடுங்குவது, ஒரே வார்த்தையைத் திரும்பத் திரும்பக் கத்துவது, குளிப்பாட்டப் போனால் கையை உதறுவது, வாசல் கதவை ஆட்டிக்கொண்டே நிற்பது எல்லாம் இதில் சேரும். யாரையும் அடிக்காமல், ஒரு வார்த்தை திட்டாமல், ராத்திரி முழுக்க இருப்புக்கொள்ளாமல் வராந்தாவில் நடப்பவருக்கு இருப்பதும் அஜிடேஷன்தான். டிமென்ஷியா போன்ற நோய்களுக்கு 2015-இல் வெளியான சர்வதேச வரையறையில், இந்த நடத்தையோடு மனவேதனையும் தெரிய வேண்டும், குறைந்தது இரண்டு வாரமாவது நீடிக்க வேண்டும் அல்லது அடிக்கடி வர வேண்டும் என்று இருக்கிறது. இதில் மனவேதனை என்பதைத்தான் நாம் சுலபமாக மறந்துவிடுகிறோம். நமக்குத் தொந்தரவாகத் தெரிவது, உள்ளே இருக்கிற ஆளுக்கு அவஸ்தை.

பார்த்தாலே தெரிகிறதே, அதற்கு எதற்கு மார்க்?

பார்த்தால் தெரியும், சரி. ஆனால் மூன்று நாள் முன்னால் எப்படி இருந்தார் என்று கேட்டால் யாருக்கும் ஒழுங்காகச் சொல்ல வராது. காலையில் ஒரு அடி வாங்கிய நர்ஸுக்கு அன்றைக்கு முழுக்க மோசமான நாள். மதியம் வந்தவருக்கு அதே நோயாளி "பரவாயில்லை". டாக்டர் ரவுண்ட்ஸ் வரும் ஐந்து நிமிடத்தில் அவர் தூங்கிக்கொண்டிருப்பார், வீட்டுக்காரர்கள் ராத்திரி பட்ட பாட்டைச் சொன்னால் மிகைப்படுத்துகிறார்கள் என்று தோன்றும். மருந்தைக் கூட்டினோம், அல்லது ஒரு குழாயை எடுத்தோம், அதனால் ஏதாவது மாறியதா என்று தெரிய வேண்டுமானால் முன்னும் பின்னும் ஒரே கண்ணால் பார்த்திருக்க வேண்டும். மார்க் தாள் அதற்குத்தான். உங்கள் ஆளை அடுத்த கட்டில்காரரோடு ஒப்பிட அது உதவாது, ஒப்பிடவும் கூடாது.

எங்கள் தம்பிக்கு ஏபிஎஸ் என்று ஒரு தாள் போடுகிறார்கள். அதில் என்ன இருக்கிறது?

அஜிடேட்டட் பிஹேவியர் ஸ்கேல் என்பதன் சுருக்கம். அமெரிக்காவில் ஒஹையோ மாநிலப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜான் காரிகன் 1989-இல் வெளியிட்டது. தலைக்காயத்தில் இருந்து தேறிவரும் நோயாளிகளுக்கென்றே செய்யப்பட்டது. மொத்தம் 14 நடத்தைகள். கவனம் ஒரு இடத்தில் நிற்காமல் சிதறுவது, பொறுமை இல்லாமல் திடீரென்று எதையாவது செய்துவிடுவது, சிகிச்சைக்கு ஒத்துழைக்காமல் இருப்பது, ஆட்களையோ பொருட்களையோ தாக்குவது, எப்போது வெடிக்கும் என்று சொல்ல முடியாத கோபம், உடம்பை ஆட்டுவதும் தேய்ப்பதும் முனகுவதும், குழாய்களைப் பிடுங்குவது, இடத்தை விட்டுக் கிளம்பிவிடுவது, நிலைகொள்ளாத அசைவு, செய்ததையே செய்வது, வேகமாகவோ சத்தமாகவோ ஓயாமல் பேசுவது, மனநிலை சட்டென்று மாறுவது, சின்ன விஷயத்துக்கும் அழுகை அல்லது சிரிப்பு, தன்னையே அடித்துக்கொள்வது அல்லது திட்டிக்கொள்வது.

ஒவ்வொன்றுக்கும் 1 முதல் 4 வரை மார்க். 1 என்றால் அது இல்லவே இல்லை. 2 என்றால் இருக்கிறது, ஆனால் செய்கிற காரியத்தைக் கெடுக்கவில்லை. 3 என்றால் யாராவது "இங்கே பாருங்க" என்று திருப்பினால்தான் காரியத்துக்கு வருகிறார். 4 என்றால் எவ்வளவு திருப்பினாலும் வரவில்லை. எதையும் காலியாக விடக்கூடாது. எட்டு மணி நேர ஷிஃப்ட் முடிவில், அந்த ஷிஃப்ட்டில் பார்த்ததை மட்டும் வைத்துப் போடுவது வழக்கம்.

ஒன்றுமே இல்லாவிட்டாலும் 14 வரும், அதிகபட்சம் 56. 21 வரை இயல்பு, 22 முதல் 28 வரை லேசானது, 29 முதல் 35 வரை நடுத்தரம், அதற்கு மேல் கடுமை.

ஒரு ராத்திரிக்கு எப்படி மார்க் போடுவீர்கள்? உதாரணம் சொல்ல முடியுமா?

வார்டில் அடிக்கடி பார்க்கும் மாதிரியில் ஒருவரை எடுத்துக்கொள்வோம். பைக் விபத்து, ஹெல்மெட் இல்லை, இருபத்தைந்து வயதுக்குள். கழுத்தில் டிரக்கியாஸ்டமி (மூச்சுவிடத் துளை போட்டு வைத்த குழாய்), மூக்கில் பால் கொடுக்கும் ரைல்ஸ் டியூப், கீழே சிறுநீர்க் குழாய். கண் திறந்து பார்க்கிறார், சொன்னதைப் பாதி கேட்கிறார். ராத்திரி முழுக்க வலது கை மூக்குக்கே போகிறது, கையைப் பிடித்து இறக்கினால் அடுத்த நொடி மறுபடியும். விடிவதற்குள் ரைல்ஸ் டியூபை இரண்டு முறை பிடுங்கிவிட்டார்.

குழாய் பிடுங்குவதற்கு 4, அதில் சந்தேகமே இல்லை. கவனச் சிதறலுக்கு 3, பொறுமையின்மைக்கு 3, நிலைகொள்ளாத அசைவுக்கு 3. ஒத்துழைக்காததற்கு 2, காலைத் தேய்த்துக்கொண்டே இருந்ததற்கு 2, செய்ததையே செய்ததற்கு 2, அம்மா வந்தபோது காரணமில்லாமல் அழுததற்கு 2. மீதி ஆறுக்கும் 1. கூட்டினால் 27.

27 என்றால் "லேசானது". ஆனால் ரைல்ஸ் டியூபை மறுபடி மறுபடி பிடுங்குகிற ஆளுக்கு ஆபத்து லேசானது இல்லை; பால் நுரையீரலுக்குள் போனால் நிமோனியா. அதனால் கூட்டுத்தொகையை மட்டும் பார்த்துவிட்டுத் தாளை மூடுபவர்களோடு எனக்கு ஒத்துவராது, எந்த வரியில் 4 இருக்கிறது என்பதுதான் அன்றைய வேலை. இன்னொன்றையும் பாருங்கள்: டிரக்கியாஸ்டமி இருப்பதால் அவரால் கத்த முடியாது, எழுந்து நடக்கவும் முடியாது. அந்த இரண்டு வரியிலும் 1 விழுந்தது அவர் அமைதியாக இருந்ததால் இல்லை. கழுத்துக் குழாயை எடுத்து, நடக்கத் தொடங்கியதும் மார்க் ஏறும். அதைப் பார்த்து வீட்டில் எல்லோரும் பயந்துபோவார்கள், பல சமயம் அது தேறுவதன் அடையாளம்.

அப்படியானால் தலைக்காயக்காரருக்கு இது தானாகவே போய்விடுமா?

பலருக்குக் குறையும். கோமாவில் இருந்து வெளியே வந்தபின், புதிதாக எதுவும் மனதில் பதியாத ஒரு காலம் இருக்கும். எந்த ஊர், என்ன தேதி, ஏன் இங்கே இருக்கிறோம் எதுவும் தெரியாது, ஐந்து நிமிடம் முன் சொன்னதும் நிற்காது. அஜிடேஷன் பெரும்பாலும் இந்தக் காலத்தில்தான் உச்சத்தில் இருக்கும். தலைக்காயத்தில் இருந்து தேறுவதைப் படிப்படியாகப் பிரிக்கும் ராஞ்சோ லாஸ் அமிகோஸ் அளவுகோலில் நான்காம் படிக்குப் பெயரே "குழப்பமும் கொந்தளிப்பும்". ஐந்தாம் படியில் குழப்பம் இருக்கும், கொந்தளிப்பு இருக்காது. அதனால் ஏபிஎஸ் தாளோடு ஞாபகசக்தியையும் தினமும் சோதித்து எழுதிவந்தால்தான் படம் முழுசாகத் தெரியும். எத்தனை நாளில் என்று தேதி கேட்காதீர்கள், ஆளுக்கு ஆள் மாறும்.

ஐசியூவில் பிளஸ் 2, மைனஸ் 3 என்று ஏதோ எழுதினார்களே?

அது ராஸ், ரிச்மண்ட் அளவுகோல். வேறு வேலைக்கானது. 0 என்றால் விழிப்பாகவும் அமைதியாகவும் இருக்கிறார். மேலே பிளஸ் 4 வரை போனால் முரட்டுத்தனம், கீழே மைனஸ் 5 என்றால் தட்டினாலும் அசைவில்லை. மயக்க மருந்தை எவ்வளவு ஓட்டுவது என்று அந்த நிமிடத்தில் முடிவெடுக்க அது போதும். மாதக்கணக்கில் ஒருவரைத் தொடர அது போதாது.

பாட்டிக்கு டிமென்ஷியா. அவருக்கும் ஏபிஎஸ் போடலாமா?

போடுகிறவர்கள் உண்டு. ஆனால் டிமென்ஷியாவுக்கு உலகம் முழுக்க அதிகம் புழங்குவது கோஹன்-மான்ஸ்ஃபீல்ட் பட்டியல், சுருக்கமாக சிஎம்ஏஐ. ஜிஸ்கா கோஹன்-மான்ஸ்ஃபீல்ட் அமெரிக்க முதியோர் இல்லங்களில் செய்த ஆய்வுகளில் இருந்து உருவாக்கியது. இதில் 29 நடத்தைகள். கடந்த இரண்டு வாரத்தில் ஒவ்வொன்றும் எத்தனை தடவை நடந்தது என்று மட்டும் கேட்கும். 1 என்றால் இல்லை, 7 என்றால் ஒரு மணி நேரத்திலேயே பல தடவை. ஆக மொத்தம் 29-இல் தொடங்கி 203 வரை.

அடிப்பது, உதைப்பது, கடிப்பது, பிறாண்டுவது ஒரு கூட்டம். அலைவது, பொருட்களை ஒளித்துவைப்பது, சேலையை அவிழ்த்துப் போடுவது, "வீட்டுக்குப் போகணும்" என்று சொந்த வீட்டு வாசலிலேயே நிற்பது இன்னொரு கூட்டம். கேட்டதையே கேட்பது, குறை சொல்லிக்கொண்டே இருப்பது, கத்துவது மூன்றாவது. இந்தப் பிரிவு வெறும் வசதிக்காக இல்லை. வாய் ஓயாமல் கூப்பிடுகிற பாட்டிக்கு வலியோ தனிமையோ இருக்கலாம், நடந்துகொண்டே இருக்கிற தாத்தாவுக்கு நடக்க இடம் கொடுத்தால் போதும், அவருக்கு எந்த வேதனையும் இல்லாமலும் இருக்கலாம். இரண்டு பேருக்கும் மொத்த மார்க் 60 என்றால் அந்த 60-ஐ வைத்துக்கொண்டு ஒன்றும் செய்ய முடியாது.

நம் ஊரில் போடும்போது கொஞ்சம் யோசித்துப் போட வேண்டிய வரிகளும் உண்டு. "துப்புவது" என்று ஒரு வரி. ஐம்பது வருடமாக வெற்றிலை போடுகிற பாட்டி திண்ணையில் உட்கார்ந்து தெருவில் துப்பினால் அது கணக்கில் வராது. சாப்பாட்டுத் தட்டில் துப்பினால், பக்கத்தில் இருப்பவர் மேல் துப்பினால் வரும். நோய் வருவதற்கு முன் அவர் எப்படி இருந்தார் என்று மருமகளைக் கேட்காமல் இந்தத் தாளை நிரப்பவே கூடாது என்பேன்.

இந்தப் பட்டியலில் குறையே இல்லையா?

இருக்கிறது. எத்தனை தடவை என்று கேட்கிறது, எவ்வளவு பலமாக என்று கேட்பதில்லை. ஒரே ஒரு முறை கழுத்தைப் பிடித்தவருக்கு அந்த வரியில் சின்ன எண்தான் விழும், நாளெல்லாம் மேசையைத் தட்டுபவருக்கு 7 விழும்.

நான் பார்த்துக்கொள்வதால் எனக்கு எவ்வளவு கஷ்டம் என்று யாராவது அளக்கிறார்களா?

என்பிஐ என்ற கேள்வித்தாளில் அதற்கு இடம் உண்டு. ஜெஃப்ரி கம்மிங்ஸ் குழு 1994-இல் வெளியிட்டது. பிரமை, மனச்சோர்வு, அஜிடேஷன், தூக்கம் என்று இப்போது 12 பகுதிகள் இருக்கின்றன. அடிக்கடி வருகிறதா என்பதற்கு 1 முதல் 4, எவ்வளவு கடுமை என்பதற்கு 1 முதல் 3, இரண்டையும் பெருக்குவார்கள். அப்புறம் தனியாக, "இதனால் உங்களுக்கு எவ்வளவு வேதனை?" என்று 0 முதல் 5 வரை. அங்கே தயவுசெய்து நிஜத்தைச் சொல்லுங்கள். "அம்மாதானே, என்ன கஷ்டம்" என்று 1 போட்டுவிட்டு வெளியே வந்து அழுகிற மகள்களை நிறையப் பார்த்தாயிற்று.

நேற்று வரை நன்றாக இருந்தார், இன்று ஒரே ஆர்ப்பாட்டம். எந்தத் தாள்?

தாளை எடுத்து வையுங்கள், டாக்டரைக் கூப்பிடுங்கள். ஒன்றிரண்டு நாளில் திடீரென்று மாறினால், அதிலும் ஒரு நேரம் தெளிவு ஒரு நேரம் குழப்பம் என்று ஏறி இறங்கினால், அது டெலீரியமாக, அதாவது உடல்நோயாலோ மருந்தாலோ திடீரென்று வரும் மனக்குழப்பமாக இருக்கலாம். சிறுநீர்த் தொற்று, நிமோனியா, சோடியம் குறைவு, சர்க்கரை ஏற்றத்தாழ்வு, சிறுநீர் அடைத்து வயிறு உப்பியிருப்பது, பல நாள் மலச்சிக்கல், புதிதாகச் சேர்த்த மாத்திரை எதுவும் காரணமாகலாம். சளிக்கு என்று மெடிக்கல் ஷாப்பில் வாங்கும் மாத்திரையில் இருக்கிற குளோர்பெனிரமின்கூட வயதானவரைக் குழப்பிவிடும். தலைக்காயக்காரர் என்றால் மூளைக்குள் ரத்தம் கட்டியிருக்கிறதா, நீர் சேர்ந்திருக்கிறதா என்று உடனே ஸ்கேன் பார்க்க வேண்டியிருக்கும்.

இன்னொன்று, யாரும் வாயைத் திறந்து சொல்லாதது. விபத்தில் வந்தவர் தினமும் குடிப்பவராக இருந்தால், கடைசியாகக் குடித்து இரண்டு மூன்று நாளில் கை நடுக்கம், வியர்வை, இல்லாததைப் பார்த்துப் பேசுவது எல்லாம் வரும். உயிருக்கே ஆபத்தான நிலை அது, அதற்குச் சிகிச்சை வேறு. சொந்தக்காரர்கள் முன்னால் சொல்ல வெட்கமாக இருந்தால் நர்ஸைத் தனியாகக் கூப்பிட்டாவது சொல்லிவிடுங்கள்.

மார்க் அதிகம் என்றால் தூக்க மாத்திரை கொடுத்துவிடலாமே?

எல்லோரும் கேட்பது, சில டாக்டர்களே அவசரப்படுவது. மார்க் "எவ்வளவு" என்று சொல்லும், "ஏன்" என்று சொல்லாது. முதலில் பார்க்க வேண்டியது வலி. நார்வேயில் 18 முதியோர் இல்லங்களில் 352 டிமென்ஷியா நோயாளிகளை வைத்து ஒரு ஆய்வு நடந்தது, 2011-இல் வெளியானது. ஒரு பாதிப் பேருக்கு வலிக்கான மருந்தைப் படிப்படியாகக் கொடுத்தார்கள், பெரும்பாலானவர்களுக்கு வெறும் பாராசிட்டமால்தான். எட்டு வாரத்தில் அவர்களுடைய சிஎம்ஏஐ மார்க் மற்றவர்களைவிடத் தெளிவாகக் குறைந்தது. "வலிக்குதா?" என்று கேட்டால் "இல்லை" என்பார்கள், கேள்வியே புரிந்திருக்காது. அதனால் மூச்சு, முனகல், முகம், உடல் இறுக்கம், தேற்றினால் அடங்குகிறாரா என்ற ஐந்தையும் பார்த்து 10-க்கு மார்க் போடும் பெயின்ஆட் என்ற சின்ன அளவுகோல் இருக்கிறது. முழங்காலை மடக்கும்போது முகம் சுளிக்கிறாரா என்று பார்க்க அதுகூட வேண்டியதில்லை.

மனநோய்க்கான மருந்துகள் தேவைப்படுகிற நேரம் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் டிமென்ஷியா உள்ள முதியவர்களுக்கு அவற்றால் இறப்பு அபாயம் கூடுகிறது என்று அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு 2005-இல் கடுமையான எச்சரிக்கை விட்டது, 2008-இல் ஹாலோபெரிடால் போன்ற பழைய மருந்துகளையும் அதில் சேர்த்தது. ஹாலோபெரிடாலில் இன்னொரு வம்பும் உண்டு. சிலருக்கு அந்த மருந்தாலேயே உட்கார முடியாத தவிப்பு வரும். மார்க் ஏறும், மருந்தைக் கூட்டுவார்கள், தவிப்பும் கூடும். மருந்து தொடங்கிய தேதியைத் தாளில் அம்புக்குறி போட்டு எழுதிவைத்திருந்தால் இது கண்ணில் படும். வலிப்பு வராமல் இருக்கக் கொடுக்கும் லெவெடிராசிடமும் சிலரை எரிச்சல்காரராக மாற்றும். நீங்களாக நிறுத்திவிடாதீர்கள், டாக்டரிடம் கேளுங்கள்.

மருந்து கொடுத்தபின் மார்க் குறைந்தது. மருந்து வேலை செய்கிறது என்றுதானே அர்த்தம்?

அவசரப்பட வேண்டாம். பிரிட்டனில் மிர்டாசபின் என்ற மருந்தை வைத்து 204 அல்சைமர் நோயாளிகளிடம் சோதனை செய்தார்கள், 2021-இல் முடிவு வந்தது. மருந்து எடுத்தவர்களுக்கு 12 வாரத்தில் சிஎம்ஏஐ குறைந்தது. வெறும் மாவு மாத்திரை எடுத்தவர்களுக்கும் கிட்டத்தட்ட அதே அளவு குறைந்தது. அஜிடேஷன் தானாக ஏறி இறங்கும், மோசமான நாளில்தான் மருந்தே தொடங்குவோம், கூடவே கவனிப்பும் கூடும்.

இன்னொரு வகைக் குறைவு இன்னும் மோசம். நாள் முழுக்க மயங்கிக் கிடந்தால் எந்தத் தாளிலும் மார்க் குறையத்தான் செய்யும். எத்தனை மணி நேரம் விழித்திருந்தார், எத்தனை வாய் சாப்பிட்டார், எழுப்பி உட்காரவைத்தால் தலை நிற்கிறதா என்பதையும் பக்கத்திலேயே எழுதாமல் "அஜிடேஷன் குறைந்தது" என்று எழுதினால் அது பொய்க் கணக்கு.

கையைக் கட்டிவைத்திருக்கிறார்கள். அப்போதும் மார்க் போடலாமா?

போடலாம், கட்டியிருந்தது என்று எழுத வேண்டும். கட்டே பல பேருக்கு ஆர்ப்பாட்டத்தைக் கூட்டும். கை உறை மாட்டினால், ஆள் பக்கத்தில் இருந்தால், தேவையில்லாத குழாயை எடுத்துவிட்டால் கட்டு வேண்டாம் என்ற நிலை பல சமயம் வரும். மேலே சொன்ன பையனுக்கு சிறுநீர்க் குழாயை எடுத்து, ராத்திரி விளக்கைக் குறைத்து, கட்டிலைச் சுற்றி நிற்கிற எட்டு பேரை ஒருவராக்கினால் அடுத்த சில நாளில் அந்த 4 இரண்டாக இறங்குவது அதிசயமே இல்லை.

பகல் நர்ஸ் ஒரு மார்க், ராத்திரி நர்ஸ் ஒரு மார்க். எதை நம்புவது?

இரண்டையும். ஆள் அந்தந்த நேரத்தில் வேறு வேறாகத்தான் இருக்கிறார். சாயங்காலம் இருட்டத் தொடங்கினால் டிமென்ஷியாக்காரர்கள் பலருக்குத் தவிப்பு கூடும். பகலைப் பகலோடும் இரவை இரவோடும் ஒப்பிடுங்கள். இங்கே ஒரு நடைமுறைச் சிக்கல்: நம் ஊர் வார்டில் ஒரு நர்ஸுக்கு நிறைய நோயாளிகள், எட்டு மணி நேரமும் கூடவே இருப்பது வீட்டில் இருந்து வந்த அட்டெண்டர்தான். அவரைக் கேட்காமல் போடும் மார்க் பாதி ஊகம். ஷிஃப்ட் முடியும்போது நர்ஸ் வந்து கேட்கவில்லை என்றால் நீங்களே போய்ச் சொல்லுங்கள்.

வீட்டில் நாங்களே அளக்க முடியுமா?

14 வரியும் 29 வரியும் வீட்டுக்கு வேண்டாம். ஒரு நோட்டு போதும். உங்களை அதிகம் வதைக்கிற ஒரு நடத்தையை மட்டும் எடுங்கள், உதாரணத்துக்கு வாசல் கதவைத் தட்டுவது. "தொல்லை பண்ணினார்" என்று எழுதாதீர்கள், அதை வைத்து யாராலும் எதுவும் செய்ய முடியாது. "5:40, கதவைத் தட்டினார், பத்து நிமிடம், அதற்கு முன் டிவியில் சீரியல் சத்தம், காலையில் இருந்து மலம் போகவில்லை, கையைப் பிடித்துத் தெருமுனை வரை கூட்டிப்போனதும் அடங்கினார்" என்று எழுதுங்கள். முன்னால் என்ன நடந்தது, என்ன செய்தார், அப்புறம் என்ன நடந்தது. இரண்டு வாரம் எழுதினால் பெரும்பாலும் ஒரு நேரமோ, ஒரு ஆளோ, ஒரு வேலையோ திரும்பத் திரும்ப வருவது தெரியும். குளிப்பாட்டும்போது மட்டும் அடிக்கிறார் என்றால் தண்ணீர் சூட்டையும் தோள்பட்டையையும் பாருங்கள். கண்ணாடி மூக்கில் இருக்கிறதா, காது மெஷினில் பேட்டரி இருக்கிறதா என்றும்தான்.

டாக்டரிடம் போகும்போது என்ன கொண்டுபோவது?

அந்த நோட்டு, சாப்பிடுகிற எல்லா மாத்திரை அட்டைகளும் (நாட்டு மருந்து, சளி மாத்திரை உட்பட), அவர் ஆர்ப்பாட்டம் செய்யும்போது எடுத்த ஒரு நிமிட வீடியோ. வீடியோவை டாக்டருக்கு மட்டும் காட்டுங்கள், குடும்ப வாட்ஸாப் குரூப்பில் போடாதீர்கள். போனதும் முதலில், எப்போது தொடங்கியது, போன மாதத்தைவிட எது மாறியிருக்கிறது என்ற இரண்டையும் சொல்லிவிடுங்கள். மீதியை அவர் நோட்டில் பார்த்துக்கொள்வார்.